எட்வின் அண்ணா வாசிக்காமல் விட்ட இடம்

போன செவ்வாய்க்கிழமை காலை ரசத்துக்குப் புளி கரைத்துக்கொண்டிருந்தேன். மாடி வீட்டு எட்வின் அண்ணாவின் மனைவி ஸ்டெல்லா இறங்கி வந்து அடுக்களை வாசலில் நின்றாள். "அக்கா, அவரு எந்திரிக்கல," என்றாள். அதற்கு மேல் அவளுக்குப் பேச்சு வரவில்லை. எட்வின் அண்ணா தூக்கத்திலேயே கர்த்தரிடம் போய்விட்டார்.

1991-இல் பெங்களூர் ஜோகுபாளையத்தில் எங்கள் மாடிக்குக் குடிவந்தவர்கள். அவர் கன்னடப் படங்களுக்குப் பின்னணி இசை அமைப்பவர். பல வருஷம் மற்றவர்களுக்காக அமைத்துக் கொடுத்தார். திரையில் வந்தது அவர்கள் பேர். "பேர் வரலன்னா என்னம்மா, திட்டும் வராதே," என்பார். ஸ்டெல்லா மட்டும் சிரிக்க மாட்டாள்.

தலை நரைத்த பிறகுதான் சொந்தப் பேரில் முதல் படம் கிடைத்தது. அந்த வாரம் பார்த்து ஸ்டெல்லாவுக்கு ஆபரேஷன். அதனால் ஒலிப்பதிவுக் கூடத்துக்கு மத்தியானச் சாப்பாடு நான் எடுத்துப் போனேன்.

உள்ளே திரையில் படம் ஓடியது. மகன் வீட்டை விட்டுப் போய்விட்டான். தாய் பழக்கத்தில் இரண்டு தட்டு வைக்கிறாள். பிறகு ஒன்றை எடுத்து அலமாரியில் வைக்கிறாள். வயலின்காரர்கள் எல்லாரும் வில்லைத் தூக்கிக் காத்திருந்தார்கள். அண்ணா கையை அசைக்கவே இல்லை.

தயாரிப்பாளர் எழுந்தார். "ஏன் ஸ்வாமி, இத்தனை பேரும் சும்மா உக்காரவா வந்திருக்காங்க?"

"அந்தத் தட்டு சத்தம் கேக்கட்டும் சார். அதுக்கு மேல நான் என்ன சொல்ல?"

"மியூசிக் போடாத மியூசிக் டைரக்டருக்கு டைட்டில்ல பேர் எதுக்கு? நாளைக்கே வேற ஆளைக் கூப்பிடறேன்."

வீட்டில் ஒரு பிடி உளுந்துக்கும் கணக்கு வைக்கிறவள் நான். ஆட்களை வரவழைத்து வேலை தராமல் உட்கார வைப்பதா? தயாரிப்பாளர் பக்கம்தான் நியாயம் என்று பட்டது. கிடைத்த பேரும் போய்விடுமே, ஸ்டெல்லாவிடம் என்ன சொல்வேன் என்று மனதுக்குள் முருகனைக் கூப்பிட்டேன்.

அண்ணா குரலை உயர்த்தவில்லை. "வயலினோட ஒரு தரம், இல்லாம ஒரு தரம் பாத்துடலாம் சார். அப்புறம் உங்க இஷ்டம்."

முதல் தடவை வயலின்கள் உருகின. நன்றாகத்தான் இருந்தது, யாரோ அழுவதைப் பார்ப்பது போல. இரண்டாவது தடவை இசை இல்லை. தட்டு அலமாரியில் உரசியது. அந்தத் தாய் மூச்சு விட்டது கூடக் கேட்டது. அவள் விளக்கை அணைத்த பிறகுதான் ஒரே ஒரு புல்லாங்குழல் எழுந்தது. என் கையிலிருந்த கேரியரைக் கீழே வைக்க மறந்து நின்றேன்.

தயாரிப்பாளர் வெளியே போனார். முகம் கழுவிக்கொண்டு வந்தார். "சரி, இருக்கட்டும். அடுத்த ரீல்ல கல்யாணம் வருது. அங்க எல்லாரையும் நல்லா வேலை வாங்குங்க."

"வாங்கிடலாம் சார், நாதஸ்வரத்தையும் சேர்த்து," என்றார் அண்ணா. வயலின்காரர்கள்தான் முதலில் சிரித்தார்கள்.

படம் வந்தபோது நடக்கத் தொடங்கியிருந்த ஸ்டெல்லாவைக் கூட்டிப் போனோம். திரையில் அவர் பேர் வந்ததும் அவள் என் கையை நெரித்துவிட்டாள். அதன்பின் ஏழெட்டுப் படங்கள் அவர் பேரிலேயே வந்தன.

பிறகொரு நாள் அண்ணா என்னைக் கேட்டார்: "காலையில ஸ்லோகம் மூச்சு விடாம சொல்றீங்களே, உங்க சாமி எப்பம்மா பதில் பேசும்?" கேலிதான். எனக்குச் சுருக்கென்றது. ஆனால் மறுநாள் கற்பூரம் அணைந்த பிறகு, வாயைத் திறக்காமல் சற்று உட்கார்ந்து பார்த்தேன்.

இன்றும் அப்படித்தான் உட்கார்கிறேன். யார் வீட்டிலோ குக்கர் கூவுகிறது, பள்ளி வேன் ஹாரன் அடிக்கிறது, மாடியில் ஸ்டெல்லா ஜன்னலைத் திறக்கிறாள். எழுதப் படிக்க நானாகவே கற்றுக்கொண்ட எனக்கு, கேட்கக் கற்றுக்கொடுத்துப் போனவர் அவர். அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது அந்தச் சற்று நேரம்.