சுர்க்காப் சவுரியம்மாள்

ஆம்பூரில் பாலாற்றை ஒட்டிய, தோல் பதனிடும் ஷாப்பு ஒன்றில் சவுரியம்மாள் முப்பது வருஷத்துக்கு மேல் வேலை செய்தாள். இடித்த ஆவாரம்பட்டையைக் கூடையில் சுமந்துபோய்த் தொட்டிகளில் கொட்டுவது, சுண்ணாம்பில் ஊறிய ஆட்டுத்தோலில் மயிர் பிடுங்குவது, இரண்டும்தான் வேலை. கணியம்பாடிப் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவள். ஆம்பூருக்கு வாழ்க்கைப்பட்டு வந்தபோது அவளுக்கு உருதுவில் ஒரு வார்த்தை தெரியாது. ஆனாலும் பின்னாளில் அவள் குடியிருந்த தெருவில் அவளுக்கு நிலைத்த பெயர் உருதுப் பெயர்தான். சுர்க்காப் என்றார்கள். சின்னப் பிள்ளைகள் சுர்க்காப்பம்மா என்றார்கள்.

அந்தப் பெயர் வைத்தவள் பக்கத்து வீட்டு ஜஹீதா. வைத்தது 1903ஆம் வருஷத்து வெள்ளத்துக்குப் பிறகு.

மைசூர் ராஜ்யத்து ஏரிகள் உடைந்து பாலாறு புரண்டு வந்த வருஷம் அது. சவுரியம்மாளின் புருஷன் தேவசகாயம் ஆவாரம்பட்டை ஏற்றிவர முதல் நாளே வண்டி கட்டிக்கொண்டு அக்கரைக்குப் போயிருந்தான். விடியற்காலையில் தண்ணீர் தெருவுக்குள் நுழைந்தது. சவுரியம்மாள் நான்கு வயது மகள் அருளாயியை இடுப்பில் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஓடினாள். இடுப்பளவுத் தண்ணீரில் எங்கிருந்தோ மிதந்து வந்த கூரை ஒன்று அவள் முதுகில் இடித்தது. அவள் எழுந்தபோது கையில் குழந்தை இல்லை.

அடுத்த நாள் சாயங்காலம், பாறைகளுக்கு நடுவே ஆறு குறுகிப் போகிற இடத்தில் அக்கரையில் வந்து நின்றான் தேவசகாயம். வெள்ளம் கொஞ்சம் தணிந்திருந்தது. ஆனால் அன்று மதியம்தான் நீந்தி வரப் பார்த்த ஒருவனை எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஆறு இழுத்துப் போயிருந்தது. இக்கரையில் நின்ற சனங்கள் அவரவர் ஆட்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். தேவசகாயம் இரண்டு கைகளையும் வாயருகே குவித்து, "வரட்டா?" என்று கத்தினான்.

"வராத!" என்று சவுரியம்மாள் திருப்பிக் கத்தினாள்.

அவன் மறுபடி கேட்டான். அவள் மறுபடி அதையே சொன்னாள். பிறகு அவன், பாப்பா எங்கே என்று கேட்டான். காற்றில் பாதிதான் கேட்டது, ஆனால் அவளுக்கு விளங்கிவிட்டது. அதற்கும் "வராத!" என்றாள். இருட்டி முகம் தெரியாமல் போன பிறகும் சொல்லிக்கொண்டே இருந்தாள். அக்கரையிலிருந்து வந்த குரல் எப்போது நின்றது என்று அவளுக்குத் தெரியாது. ஜஹீதாதான் வந்து கையைப் பிடித்து அழைத்துப் போனாள்.

தண்ணீர் வடிந்ததும் அவள் அக்கரைக்குப் போனாள். வண்டியும் மாடும் ஒரு குடியானவன் வீட்டில் கட்டிக் கிடந்தன. தேவசகாயம் இல்லை. கோலார் தங்கவயலுக்குக் கூலிக்குப் போன கூட்டத்தோடு போய்விட்டதாகச் சொன்னார்கள்.

திரும்பி வருவான் என்று தெருவே நம்பியது. அந்தக் குளிர்காலத்தில்தான் ஜஹீதா அவளைச் சுர்க்காப் என்று கூப்பிட ஆரம்பித்தாள். அதில் கேலி இல்லை என்பது குரலிலேயே தெரிந்தது. அர்த்தம் கேட்க சவுரியம்மாளுக்குக் கூச்சம். ஷாப்பில் கணக்கு எழுதும் அப்துல் சமத்திடம் ஒருநாள் கேட்டாள். அவர், அது பாரசீகச் சொல், சுர்க் என்றால் சிவப்பு, ஆப் என்றால் தண்ணீர், இரண்டும் சேர்ந்தால் சிவப்புத் தண்ணீர் என்று சொல்லிவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார். ஆவாரம்பட்டை ஊறிய தொட்டித் தண்ணீர் சிவந்துதான் இருக்கும். அவள் கைகளில் முழங்கை வரைக்கும் அந்த நிறம் ஏறி, சோப்புக்கும் சாம்பலுக்கும் போகாமல் கிடந்தது. கையைப் பார்த்துத்தான் பெயர் வைத்திருக்கிறாள் என்று நினைத்து, சவுரியம்மாள் அதோடு விட்டுவிட்டாள்.

ஐந்தாறு வருஷம் போயிற்று. வீட்டில் ஒரு பானை, ஒரு தட்டு, ஒரு பாய். ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்குப் போவாள், பூசை முடிந்ததும் யாரோடும் நின்று பேசாமல் வந்துவிடுவாள். ஜஹீதா ஈகைப் பெருநாளுக்குக் கூப்பிட்டால் வாசல்வரை போய்க் கொடுத்ததை வாங்கிக்கொண்டு திரும்புவாள். குழந்தைகள் இருக்கிற வீட்டுக்குள் அவளால் உட்கார முடியவில்லை.

தங்கவயலிலிருந்து லீவில் வந்த ஒருவன், தேவசகாயத்தை அங்கே பார்த்ததாகச் சொன்னான். சவுரியம்மாள் ஒருவரிடமும் சொல்லாமல் ரயிலேறினாள். பௌரிங்பேட்டையில் வண்டி மாறி, சுரங்கக் கூலிகளின் லயன் வீடுகளில் விசாரித்து விசாரித்து, அவன் வீட்டு முன்னால் போய் நின்றாள். உள்ளேயிருந்து ஒரு பெண், மடியில் ஒரு பையனோடு எட்டிப் பார்த்தாள். அவள் பின்னாலேயே தேவசகாயம் வந்தான். தலையில் பாதி நரைத்திருந்தது. அவளைப் பார்த்ததும் வெளியே இறங்கி, கொஞ்ச தூரம் நடந்து, ஒரு வேப்பமரத்தடியில் நின்றான். அவளும் போய் நின்றாள்.

"ஏன் வரல?" என்று சவுரியம்மாள் கேட்டாள்.

"நீதான வராதன்ன."

"தண்ணிக்குப் பயந்து சொன்னேன்."

"பாப்பா எங்கன்னு கேட்டேன். அதுக்கும் நீ வராதன்னுதான் சொன்ன. அப்பவே எனக்குத் தெரிஞ்சுபோச்சு." அவன் தரையைப் பார்த்துக்கொண்டு பேசினான். "அந்த வூட்ல வந்து நிக்க என்னால ஆவல, சவுரி. நாளைக்குப் போவலாம், நாளைக்குப் போவலாம்னு இருந்தேன். இப்பிடி ஆய்டுச்சு."

அவனைத் திட்டுவதற்குத்தான் அத்தனை தூரம் வந்திருந்தாள். அந்தப் பெண் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். அவளுக்கு இவள் யாரென்று தெரிந்திருக்குமோ என்னவோ. சவுரியம்மாள் தண்ணீரைக் குடித்தாள், சொம்பைத் திருப்பிக் கொடுத்தாள், ஸ்டேஷனுக்கு வழி கேட்டுக்கொண்டு போய்விட்டாள்.

ஆம்பூரில் யாரிடமும் இதைச் சொல்லவில்லை. கேட்டவர்களிடம், உறவுக்காரர் வீட்டுச் சாவுக்குப் போய்வந்தேன் என்றாள். அதனால் புருஷன் வருவான் என்று காத்திருக்கிற உத்தமி என்ற பேச்சு தெருவில் வளர்ந்துகொண்டே போயிற்று. மருமகளைக் கண்டிக்கிற மாமியார்கள், சுர்க்காப்பைப் பார்த்துக் கற்றுக்கொள் என்று சொல்வதை அவளே கேட்டிருக்கிறாள். அப்போதெல்லாம் சேலைத்தலைப்பைக் காதுவரை இழுத்துவிட்டுக்கொண்டு நடப்பாள்.

ஜஹீதா ஒரு மழைக்காலத்தில் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தாள். அவள் மகள் பில்கிஸ் கல்யாணம் ஆகி அதே வீட்டில் இருந்தாள். தை மாதத்தில் ஒருநாள் பில்கிஸ் ஓடிவந்து, "வா, உன் பேரக் காட்றேன்" என்று அவளை ஆற்றுக்கு இழுத்துப் போனாள்.

ஆற்று மணல் நடுவே தேங்கிய தண்ணீரோரம் இரண்டு பெரிய வாத்துகள் நின்றன. உடம்பு புதுச் செங்கல் நிறம். தலை மட்டும் வெளுத்துச் சந்தனம்போல இருந்தது. இரண்டும் சேர்ந்து மேயவில்லை. தள்ளித் தள்ளி நின்று, ஒன்று குரல் கொடுத்தால் மற்றது பதில் கொடுத்தது. மூக்கால் கூப்பிடுவதுபோன்ற குரல். வடக்கே பனி மலைகளுக்கு அப்பாலிருந்து குளிருக்கு வருகிறவை, வெயில் ஏறினால் போய்விடும், அதுதான் சுர்க்காப் என்றாள் பில்கிஸ்.

சவுரியம்மாள் தன் கையை நீட்டி, இதனால் வந்த பெயர் இல்லையா என்று கேட்டாள். பில்கிஸ் சிரித்தாள். அம்மா அதற்காக வைக்கவில்லை என்றாள். பறவையின் நிறத்துக்காக வந்த பெயர் சுர்க்காப். அதையே கதை சொல்லும்போது சக்வா, சக்வி என்பார்கள். ஏதோ சாபத்தால் பொழுது சாய்ந்ததும் ஆணும் பெண்ணும் ஆற்றுக்கு இந்தக் கரையில் ஒன்று, அந்தக் கரையில் ஒன்று என்று பிரிந்துவிட வேண்டும். விடியும்வரை கூப்பிட்டுக்கொண்டே இருக்கும்.

"இன்னான்னு கூப்பிடும்?"

"சக்வி, நான் வரட்டுமான்னு அது கேக்கும். நக்கோ சக்வா, வராதன்னு இது சொல்லும். வெள்ளத்தன்னிக்கு நீ அப்பிடித்தான் கத்திட்டு இருந்தியாம். அம்மா சொல்லிச் சொல்லி அழுவும்."

சவுரியம்மாள் மணலில் உட்கார்ந்துவிட்டாள். வராதே என்று சொல்வது எப்போதும் பெண்தானா என்று கேட்டாள். இரண்டும் மாற்றி மாற்றிக் கேட்கும், மாற்றி மாற்றிச் சொல்லும் என்றாள் பில்கிஸ்.

அந்தக் குளிர் முழுவதும் வேலை விட்டதும் சவுரியம்மாள் ஆற்றுக்குப் போனாள். பார்த்தவர்களையெல்லாம் பறவையைப் பற்றி விசாரித்தாள். பட்டை ஏற்றிவரும் தெலுங்கு வண்டிக்காரன் அதைப் பாபன பாத்து என்றான், பாப்பார வாத்து. காவி கட்டின சாமியார் நிறத்தில் இருக்கிறதே, அதை யாரும் அடித்துத் தின்பதில்லை என்றான். கோயில் உபதேசியார், பழைய நூல்களில் வரும் சக்கரவாகம் அதுதான் என்றார். வாகம் என்றால் வடமொழியில் சத்தம்; சக்கர, சக்கர என்று கத்துவதால் அந்தப் பெயர் என்று சிலர் சொல்வார்கள், வண்டிச் சக்கரம்போல் கிறீச்சிடும் என்றும் சிலர் சொல்வார்கள் என்றார். ஊருக்கு ஊர் ஒன்றைச் சொல்லிப் பெயர் வைத்திருந்தார்கள். நிறத்தைச் சொன்னார்கள், சாதியைச் சொன்னார்கள், சத்தத்தைச் சொன்னார்கள். அவள் கரையில் நின்று கேட்டபோது அவளுக்கு வார்த்தை எதுவும் விளங்கவில்லை. இருக்கிறாயா, இருக்கிறேன் என்பதுபோல மட்டும் பட்டது. மாசி கடைசியில் இரண்டும் போய்விட்டன. மறு வருஷம் மூன்று வந்தன. அடுத்து இரண்டு வருஷம் ஒன்றும் வரவில்லை.

1931இல், சுண்ணாம்பில் விரல்கள் வெடித்து வேலைக்குப் போக முடியாமல் அவள் வீட்டோடு இருந்தபோது, இருபத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒருவன் வாசலில் வந்து நின்றான். பெயர் சூசை என்றான், தங்கவயலிலிருந்து வருகிறேன் என்றான். முகவாய் அப்படியே தேவசகாயம். அப்பா போன மாதம் செத்துப்போனார், சுரங்கத் தூசியால் நெஞ்சு அடைத்துவிட்டது, ஆம்பூரில் சவுரியம்மாள் என்று ஒருத்தருக்குச் சொல்லிவிடச் சொன்னார் என்றான்.

அவள் அவனை உட்காரச் சொல்லிச் சோறு போட்டாள். அவன் கூச்சத்தோடு சாப்பிட்டான். கை கழுவும்போது, அப்பாவுக்கு நீங்கள் என்ன உறவு என்று கேட்டான்.

சவுரியம்மாள் தண்ணீர்ச் செம்பைக் கீழே வைத்தாள். "உனக்கு முன்னாடி அவருக்கு ஒரு பொண்ணு இருந்தா. அருளாயின்னு பேரு. நான் அவ அம்மா."

இருபத்தெட்டு வருஷத்தில் அந்தப் பெயரை அவள் வாய்விட்டுச் சொன்னது அன்றுதான். அக்கா எங்கே என்று அவன் கேட்டான். சொன்னாள். கூரை இடித்ததையும், கை நழுவியதையும், அக்கரைக்குப் பதில் சொல்லாமல் விட்டதையும் சொன்னாள். அவன் அழவில்லை. போகும்போது குனிந்து அவள் காலைத் தொட்டுவிட்டுப் போனான். பிறகு அவன் வரவும் இல்லை, அவள் எதிர்பார்க்கவும் இல்லை.

சாயங்காலம் பில்கிஸ் வந்து, யார் அது என்று கேட்டாள். சவுரியம்மாள் அவளிடமும் எல்லாவற்றையும் சொன்னாள். கோலாருக்குப் போனதைச் சொன்னபோது பில்கிஸ் முக்காட்டால் வாயைப் பொத்திக்கொண்டாள். தெருவில் போய்ச் சொல்லட்டுமா என்று பிறகு கேட்டாள். சொல், சொல்லாமல் விடு, இனி எனக்கு எல்லாம் ஒன்றுதான் என்றாள் சவுரியம்மாள். பில்கிஸ் சொல்லவில்லை. தெரு வழக்கம்போல அவளைச் சுர்க்காப் என்றே கூப்பிட்டது. அவளும் திரும்பிப் பார்த்தாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை கோயில் சாமியாரிடம், செத்துப்போன இரண்டு பேருக்குப் பூசை வைக்கச் சொன்னாள். பூசை முடிந்து வீட்டுக்குப் போகிற வழியில் பில்கிஸ் வீட்டு வாசலில் நின்றாள். உள்ளே பில்கிஸின் பேரக்குழந்தை தவழ்ந்துகொண்டிருந்தது. செருப்பைக் கழற்றி ஓரமாக விட்டுவிட்டு, சவுரியம்மாள் உள்ளே போய் உட்கார்ந்தாள்.