நாலு டப்பா கிம்ச்சி

"சாப்டியாடி?" என்று மொக்போவிலிருந்து அம்மா தினமும் போனில் கேட்பாள். "சாப்டேம்மா" என்பாள் நாரே. பாதி நாள் அது பொய்.

சியோலுக்கு வந்து இரண்டு வருஷம். ஒரு பல் மருத்துவமனையின் வரவேற்பு மேஜையில் பகலெல்லாம் சிரிப்பாள். அறைக்கு வந்தால் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொள்வாள். பேச ஆள் கிடையாது. அம்மா கவலைப்படுவாளே என்று சோரா, மினா, ஹேவோன் என மூன்று தோழிகளை அவளே உண்டாக்கினாள். சோராவுக்குக் காரம் ஆகாது, மினா வாயாடி என்றெல்லாம் அளந்தும்விட்டாள்.

பொய் சொன்ன வாய்க்குப் போஜனம் கிடைக்காது என்பார்கள். இவளுக்கோ வீடு தேடி வந்தது. குளிருக்கு முன்னால் தெருவே கூடி முட்டைக்கோஸில் கிம்ச்சி ஊறுகாய் போட்டபோது, அம்மா நாலு டப்பா அனுப்பினாள். மூடியைச் சுற்றி டேப், ஒவ்வொன்றிலும் ஒரு பெயர். சோராவுடையதில் மிளகாய் குறைவு.

ஜூன் மாதம் சொல்லாமல் கொள்ளாமல் அம்மாவே வந்து நின்றாள்.

"உன் சிநேகிதிங்களக் கூப்பிடுடி. ஒரு வேளை என் கையால சோறு போடுறேன்."

"சோரா ஊருக்குப் போயிருக்காம்மா. மினாவுக்கு வேலை."

"ஹேவோன்?"

"அவளுக்கு ஜலதோஷம்."

"மூணு பேரும் பேசி வெச்ச மாதிரில்ல இருக்கு. சரி, கஞ்சி வெச்சுத் தரேன், அவளுக்குக் கொண்டு போய்க் குடு."

சொல்லிக்கொண்டே அம்மா ஃபிரிட்ஜைத் திறந்தாள். நாரே தடுக்க எழுவதற்குள் கதவு திறந்துவிட்டது.

நாலு டப்பாவும் உள்ளேதான் இருந்தன. டேப்கூடப் பிரியவில்லை. அம்மா மூன்றை ஒவ்வொன்றாக எடுத்துத் தரையில் வைத்தாள். திட்டுவாள் என்று நாரே காத்திருந்தாள். அம்மா திட்டவில்லை. பெற்றவளுக்குப் புரிய எவ்வளவு நேரம் ஆகும்? நாலாவது டப்பாவைத்தான் அவள் கீழே வைக்கவே இல்லை. 'நாரே' என்று தான் எழுதியதை விரலால் தடவிக்கொண்டே நின்றாள்.

"அவங்க மூணு பேரும் இல்ல. சரி, போகட்டும். இவ எங்கடி போனா?"

"பசிக்கலம்மா."

"எப்பலேர்ந்து?"

நாரே வழக்கம்போலச் சிரிக்கப் பார்த்தாள். முகம் கோணிக்கொண்டு போனது. டப்பாக்கள் வந்ததிலிருந்து ஏழு மாதமாக அடக்கி வைத்திருந்த அழுகை வந்தது.

அம்மா தரையில் உட்கார்ந்து டேப்பைப் பிரித்தாள். புளித்த வாடை அறை முழுக்கப் பரவியது. கையாலேயே ஒரு துண்டைக் கிழித்து மகளின் வாயருகே நீட்டினாள். நாரே அழுதுகொண்டே வாயைத் திறந்தாள்.