அடுக்குக் கட்டடத்துத் தேவசகாயம்

வீரபாண்டித் தேர் பார்த்துவிட்டு, தேனி பஸ்ஸுக்காக மனைவியுடன் நின்றிருந்தேன். வந்து நின்ற பஸ்ஸிலிருந்து இறங்கிய கண்டக்டர் நேராக என்னிடம் வந்தார். "ஜவுளிக்கடைக்காரரே, ஒங்க கட்டடத்து மொதலாளி போயிட்டாக. மத்தியானம் சாப்பிட்டுப் படுத்தவுக எந்திரிக்கலையாம்" என்றார். தேவசகாயம் அண்ணன் பகலில் படுத்து நான் பார்த்ததே இல்லை. வேறு யாரையோ சொல்கிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். என் மனைவி அழத் தொடங்கிய பிறகே எனக்கு உறைத்தது.

அவரோடு பழகிய கடைவீதிக்காரர்களுக்கு அவர் கட்டடத்தைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் யுத்தத்துக்குப் பிறகு தொழிலுக்கு வந்த இளவட்டங்கள், மேற்கே இருக்கும் மலை மாதிரி அதுவும் எப்போதும் அங்கேயே இருந்தது என்று எண்ணிக்கொண்டிருக்கிறார்கள். பஞ்சு வியாபாரமாகப் பம்பாய் போன மனிதர் அங்கே பார்த்த ஆபீஸ் கட்டடங்களை மறக்க முடியாமல் திரும்பினார். ஓடைப்பட்டித் தோட்டத்தை விற்றார். ஓட்டுக் கூரைகளுக்கு நடுவே சிமெண்டும் கம்பியுமாக மூன்று அடுக்கு எழும்பியது. தூண் கிடையாது, பூவேலை கிடையாது. வழுவழுவென்று வெள்ளைச் சுவர், தெருமுனையில் வளைந்து திரும்பும் முகப்பு, பட்டை பட்டையாகச் சன்னல்கள். "என்னண்ணே, கட்டி முடிச்சாச்சா, இன்னும் பொம்மை எல்லாம் வைக்கணுமா?" என்று பலசரக்குக் கடை சுப்பையா கேலி செய்தார். "பொம்மை எதுக்கு, அதான் நீரு தினமும் வந்து நிக்கிறீரே" என்றார் அண்ணன்.

மேல் அடுக்குகளுக்கு ஏலக்காய் எஸ்டேட் ஆபீஸ் வந்தது, வக்கீல் வந்தார். கீழே இருந்த கடைகளுக்குத்தான் ஒருவரும் வரவில்லை. நானும் போகவில்லை. கடை என்றால் கல்லாவுக்கு மேல் சாமி படம் இருக்கும். "லட்சுமி தலைக்கு மேல எவனோ செருப்புக் காலோட நடப்பான். யாவாரம் வெளங்குமா?" என்று சுப்பையா கேட்டது எல்லாருக்கும் நியாயமாகப் பட்டது. அண்ணன் கிறிஸ்தவ வேதக்காரர், அவர் கல்லாவுக்கு மேல் காலண்டர் மட்டும்தான் தொங்கும். "பம்பாயில எல்லாத்தையும் சுத்திப் பாத்தேன் தம்பி. கடைக்காரன் சாமிய எங்கன வச்சிருக்கான்னு மட்டும் பாக்காம வந்துட்டேன்" என்று என்னிடம் சொல்லிச் சிரித்தார். தோட்டம் போயிற்று, இனி கட்டடமும் கைமாறும் என்று வீதி முழுக்கப் பேச்சு.

ஒரு காலையில் கடைக்காரர்கள் எங்களை மூன்றாம் அடுக்குக்குக் கூட்டிப்போனார். முனையில் தனக்கென்று கட்டிக்கொண்ட ஆபீஸ் அறை, மேசை நாற்காலி எல்லாம் போய், வெறுமையாக இருந்தது. "கட்டடத்துலயே ஒசந்த எடம் இதுதான். ஒங்க சாமி எல்லாத்தையும் இங்கன கொண்டாந்து வைங்க. காலையில கும்பிட்டு எறங்கிக் கடையத் தெறங்க" என்றார். அவருடைய சபையார் சிலர் முகம் சுளித்தபோது, "குடியிருக்க வாரவுக அவுக சாமியவும் கூட்டிட்டு வாராக. நான் அறைய மட்டும்தான குடுக்கிறேன்" என்று முடித்துவிட்டார்.

நாங்கள் குடியேறிய நாள் இன்னும் கண்ணில் நிற்கிறது. ஐந்தாறு கடைகளின் படங்கள் வரிசையாக இருக்க, சுப்பையா சூடம் ஏற்றினார். தலைக்கு மேல் தொம் தொம்மென்று நடக்கிற சத்தம். எல்லாரும் அண்ணாந்து பார்த்தோம். தட்டட்டி என்று நாங்கள் சொல்லும் மொட்டை மாடி ஒன்று இருப்பதே அண்ணனுக்கு அதுவரை நினைவில்லை. தட்டுடன் சுப்பையா படியேற, நாங்கள் பின்னால் ஓடினோம். மேலே அண்ணனின் மனைவி கிரேஸம்மாள் சேலையை வரிந்து கட்டிக்கொண்டு மிளகாய் வற்றல் காயப் போட்டுக்கொண்டிருந்தார்கள். கூட்டத்தைப் பார்த்ததும், "ஏன், சூடத்த வத்தலுக்கும் காட்டப் போறீகளா?" என்றார்கள். அண்ணன் படியிலேயே உட்கார்ந்து, கண்ணில் நீர் வரச் சிரித்தார். அன்றே மொட்டை மாடிக் கதவுக்குப் பூட்டு வந்தது. சாவியை என்னிடம் கொடுத்தார். "எங்கிட்ட இருந்தா அவ கேட்டு வாங்கிருவா தம்பி."

அதற்குப் பிறகு கட்டடம் நிமிர்ந்துவிட்டது. சுப்பையாவின் தொந்திக்கு மூன்றாம் அடுக்கு வரை ஒரே மூச்சில் ஏற முடியாது. நடுவில் எஸ்டேட் ஆபீஸ் வாசலில் நின்று மூச்சு வாங்குவார். அங்கே அண்ணன் பெஞ்சு போட்டார். சாமி கும்பிட ஏறுகிறவர்களும் ஆபீஸ்காரர்களும் அந்தப் பெஞ்சில் பேசி முடித்த வியாபாரம் கடைகளில் நடந்ததைவிட அதிகம். "படிக்கட்டுக்கு வாடகை வாங்காம விட்டுட்டேனே" என்பார் அண்ணன்.

கோடை தவறாமல் கிரேஸம்மாள் என் கடைக்கு வருவார்கள். "தம்பி, வத்தல் போடுற காலம் வந்துருச்சு. தட்டட்டி சாவிய எப்பத்தான் தரப்போறீக?" நான் சேலையை விரித்துக் காட்டிப் பேச்சை மாற்றுவேன். இத்தனை வருஷமும் எங்களுக்குள் அது ஒரு விளையாட்டு.

அடக்கம் முடிந்தபின், அண்ணன் படத்தை மூன்றாம் அடுக்குச் சாமி அறையில் மாட்டக் கிரேஸம்மாளிடம் சுப்பையா அனுமதி கேட்டார். "மாட்டுங்க. சூடம் காட்டாதீக, மாலையும் வேணாம். சன்னலுக்கு எதுக்க மாட்டுங்க, வீதியப் பாத்துக்கிட்டு இருக்கட்டும்" என்றார்கள் அந்த அம்மாள். அப்படியே மாட்டினோம். மறுநாள் நான் சாவியை எடுத்துக்கொண்டு போனேன். இனியும் அவர்களைக் கேட்க வைக்க எனக்கு மனமில்லை. உள்ளங்கையில் வாங்கிப் பார்த்தார்கள். பிறகு என் கையிலேயே திருப்பி வைத்தார்கள்.

"நீங்களே வச்சுக்கங்க தம்பி. அவுக தலைக்கு மேல நான் எப்படி நடப்பேன்?"

சாவி என் அரைஞாணில்தான் இருக்கிறது.