கந்தப்போடி கட்டிவிட்ட தீவு

கந்தப்போடி வாயைத் திறந்தால் பொய்தான் என்பது கதிரவெளியில் எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும், அந்த ஒரு பொய்யை மட்டும் ஊரே நம்பித் தொலைத்தது.

கிழக்கே, கரை மறைகிற தூரத்தில், கடலுக்கடியில் ஒரு பாறைத்திட்டு. மீனை அள்ளிக்கொண்டு வரலாம். இடம் தெரிந்தவர்கள் இரண்டே பேர்: கந்தப்போடியும், அவர் தங்கை கண்ணகையின் புருஷன் ஜெயரூபனும். வேறு யாரும் பின்னால் வந்துவிடக் கூடாதே! அதற்காகத்தான் மனுஷன் அங்கே ஒரு தீவைக் கட்டிவிட்டார்.

"கரை மறைஞ்சதும் சோறு வேகிற மணம் வரும். சேவல் கூவும். அந்தத் தீவுக்காரர் கூப்பிட்டுச் சோறு போடுவாங்க. சாப்பிட்டவன் திரும்பி வரமாட்டான்."

ஒரு மாதத்துக்குள் நாலு பேர், தாங்களும் சேவல் சத்தம் கேட்டதாகச் சத்தியம் பண்ணினார்கள். கந்தப்போடி வயிறு வலிக்கச் சிரித்தார்.

ஆறு வருஷத்துக்கு முன், அவர் காய்ச்சலில் படுத்த ஒரு நாள், ஜெயரூபன் அவருடைய போட்டில் தனியே போனான். மத்தியானம் வரவேண்டியவன் பொழுது சாய்ந்தும் வரவில்லை. காற்று வேறு எழும்பிவிட்டது. கந்தப்போடி போர்வையோடு கடற்கரையில் நின்ற மீன்காரர்களிடம் ஓடினார்.

"மச்சான் அந்தத் திட்டிலதான் நிக்கான்! எஞ்சின் பழுதாப் போயிரிக்கும். ஆராவது போட்டை எடுங்கடா!"

"அந்தப் பக்கமா? நீங்கதானே சொன்னீங்க, போனவன் வரமாட்டான் எண்டு."

"ஐயோ, தீவும் இல்ல, மண்ணும் இல்ல! நான் அவிழ்த்துவிட்ட பொய்டா அது!"

ஒருவரும் அசையவில்லை. பாவம், மச்சானை நினைத்துப் புத்தி பேதலித்துவிட்டது என்று அவரைக் கைத்தாங்கலாக வீட்டுக்குக் கூட்டிப்போனார்கள். அவர் சொன்ன உண்மையை ஒரு சீவனும் நம்பவில்லை.

மறுநாள், மீன் வாங்க வந்த ஆதம்பாவாதான் மனமிரங்கி ஒரு போட்டைப் பிடித்துக் கொடுத்தார். திட்டில் நங்கூரக் கயிறு மட்டும் அறுந்து மிதந்தது. அறுகிற வரைக்கும் எத்தனை மணி நேரம் கரையைப் பார்த்துக்கொண்டிருந்தானோ! கந்தப்போடி தலையில் அடித்துக்கொண்டு அழுதார்.

இப்போது அவர் கடலுக்குப் போவதில்லை. தங்கைக்கு விறகு கொத்திக் கொடுப்பார், வேலி அடைத்துக் கொடுப்பார். இன்றைக்காவது அவளிடம் சொல்லிவிடவேண்டும் என்று நினைத்துக்கொண்டுதான் ஒவ்வொரு நாளும் போவார். போனால், கண்ணகை சோற்றுப் பானையை இறக்கிக்கொண்டே கேட்பாள்.

"அண்ணன், அங்க அவருக்கு நேரத்துக்குச் சோறு குடுப்பாங்கதானே?"

"குடுப்பாங்க புள்ள," என்பார் கந்தப்போடி. "சுடச்சுடக் குடுப்பாங்க."