டோஸ்ட்டுக்கு எத்தனை பாட்டில்

ஆரோக்கியசாமியின் மூத்த மகள் கல்யாண வரவேற்பில், டோஸ்ட் சொல்லிக் கிளாஸைத் தூக்கும் நேரத்தில் ஒயின் தீர்ந்துபோயிருந்தது. இவ்வளவு போதும் என்று அளவு சொன்னவன் நான்.

பெங்களூர் அல்சூரில் இருபது வருஷத்துக்கு மேல் ஒயின் கடை வைத்திருந்தேன். ஒயின் கடை என்று பெயர்தானே தவிர, விற்றதெல்லாம் ரம்மும் பிராந்தியும்தான். ஒயின் மேல்தட்டில் தூசி பிடித்துக் கிடக்கும். கிறிஸ்துமஸ், கல்யாணம், கம்பெனி பார்ட்டி என்றால் கீழே இறங்கும். அப்போது வருகிற எல்லோரும் கேட்பது ஒன்றுதான்: எவ்வளவு வாங்கட்டும்? இந்தத் தொழிலில் இதைவிடக் கஷ்டமான கேள்வி கிடையாது. அரிசிக்கு அளவு சொல்லச் சமையல்காரர் இருக்கிறார். ஒயினுக்கு யார் இருக்கிறார்? நான்தான். நானோ வாயில் வைத்ததே இல்லை. மிட்டாய்க் கடைக்காரன் மிட்டாய் தின்றுகொண்டா இருக்கிறான்?

வீட்டில் விசேஷம் வைத்து, மிஞ்சுமோ, பத்தாதோ என்று தூக்கம் கெட்டவர்களுக்காக இதை எழுதுகிறேன். மற்றவர்கள் பக்கத்தைத் திருப்பலாம்.

காலி கிளாஸ்

ஆரோக்கியசாமி ஜோகுபாளையத்துக்காரர். ஒரு தொழிற்சாலையில் ஃபோர்மேன். சனிக்கிழமை தோறும் கடைக்கு வருவார். கால் பாட்டில் ரம் வாங்குவார். வாங்கிவிட்டு, கடை அழுக்காக இருக்கிறது, நான் அதைவிட அழுக்காக இருக்கிறேன் என்று கொஞ்ச நேரம் திட்டுவார். போய்விடுவார். எங்கள் சிநேகிதம் அவ்வளவுதான். அது போதுமாக இருந்தது.

தொண்ணூறுகளின் நடுவில் அவருடைய மூத்தவளுக்குக் கோலார் தங்கவயலில் மாப்பிள்ளை அமைந்தது. சர்ச் ஹாலில் வரவேற்பு. முந்நூறு பேர் வருவார்கள் என்றார். முந்நூறு இருக்கட்டும், குடிக்கிறவர்கள் எத்தனை பேர் என்றேன். விரல்விட்டு எண்ணினார். அண்ணன், தம்பி, மச்சான், ஷிஃப்ட் ஆட்கள். ஐம்பது வந்தது. ஐம்பது பேருக்கு இனிப்பான சிவப்பு ஒயின் கொடுத்தேன். கொஞ்சம் தாராளமாகவே கொடுத்தேன்.

அந்த ஐம்பது பேரும் ஹாலுக்குப் பின்னால் நின்ற ஒரு ஃபியட் காரின் டிக்கியைச் சுற்றி ரம்மோடு நின்றிருக்கிறார்கள். உள்ளே கேக்கோடு ஒயின் தட்டு சுற்றி வந்திருக்கிறது. பெண்ணின் தாய்மாமன், ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், இல்லறத்தைப் பற்றி விலாவாரியாகப் பேசினாராம். முடிவில், மணமக்கள் நலத்துக்காகக் கிளாஸை உயர்த்துங்கள் என்றாராம். உயர்ந்ததெல்லாம் காலி. யாரோ ஓடிப்போய் ஆரஞ்சு கலர் சோடா வாங்கி வந்து ஊற்றினார்கள். மறுநாள் நான் ஷட்டரைத் தூக்கும்போதே ஆரோக்கியசாமி வந்து நின்றார். திட்டவில்லை.

"முந்நூறு பேர் எதிர்ல என் சம்பந்தியம்மா காலி கிளாஸைத் தூக்கிப் புடிச்சிக்கினு நின்னாங்க மாணிக்கம். என் பொண்ணு இனிமே அந்த வீட்லதான் சாப்பிடணும்."

அமெரிக்க அளவு

ஐம்பது என்று அவர் சொன்னது தப்பு, நூறு பேராவது குடித்திருப்பார்கள் என்று நான் முடிவு கட்டிக்கொண்டேன். அதன்பிறகு யார் வந்து கேட்டாலும் அளவைக் கூட்டியே சொன்னேன். காலி கிளாஸ் என்றால் அவ்வளவு பயம்.

இப்படி இருக்கும்போது ஏர்போர்ட் ரோடு சாஃப்ட்வேர் கம்பெனி ஒன்றிலிருந்து ஒரு இன்ஜினியர் வந்தார். கோயம்புத்தூர்ப் பக்கம். வேலைக்குச் சேர்ந்து ஆறு மாசம்கூட ஆகவில்லை. பார்ட்டி ஏற்பாட்டைத் தலையில் கட்டிவிட்டார்கள். அமெரிக்காவிலிருந்து பெரிய மேனேஜர் வருகிறாராம். தலைக்கு அரை பாட்டில் என்று இன்டர்நெட்டில் பார்த்து வைத்திருந்தார். எதற்கும் முக்கால் பாட்டிலாக எடுத்துக்கொள்ளுங்கள் என்றேன். நந்தி மலைப் பக்கம் செய்கிற உயர்ந்த சரக்கு. இனிப்பே இருக்காது, துவர்க்கும். அதைத்தான் அமெரிக்கர் விரும்புவார் என்று நானே எடுத்துக் கொடுத்தேன்.

அமெரிக்கர் பீர் குடித்தார். அவரைப் பார்த்து எல்லோரும் பீர் குடித்தார்கள். திங்கட்கிழமை ஒரு ஆட்டோ நிறைய ஒயின் திரும்பி வந்தது. இன்ஜினியரின் முகத்தைப் பார்க்கச் சகிக்கவில்லை. திறக்காத பாட்டிலையெல்லாம் திரும்ப எடுத்துக்கொண்டேன். ஊருக்குப் புதுசு, பாவம். அவரும் கொஞ்ச காலம் எங்கள் கம்பெனி சரக்கு எல்லாமே இங்கேதான் என்று நன்றியோடு வாங்கிக்கொண்டிருந்தார். ஆனால் திறந்த பாட்டில்கள் என்ன ஆயின என்று கேட்டபோது அவர் உண்மையைத்தான் சொன்னார்.

"ஒரு வாய் வச்சுட்டு எல்லாரும் மொட்டைமாடிச் செடிக்கு ஊத்திட்டாங்க சார். இப்பச் செடியும் வாடிப்போச்சுங்க."

நடை

ஆரோக்கியசாமி என் கடைக்கு வருவதை நிறுத்தியிருந்தார். சனிக்கிழமை எதிர்வரிசைக் கடையில் ரம் வாங்கிக்கொண்டு, என் கடை வழியாகவே நடந்து போவார். முகம் ரோட்டைப் பார்த்திருக்கும். எனக்கு என்ன, போனால் போகட்டும் என்று இருந்தேன். ஆனால் சனிக்கிழமை சாயந்திரம் மட்டும் கல்லாவில் உட்கார முடியவில்லை. எழுந்து எதையாவது துடைத்துக்கொண்டிருப்பேன். கடை சுத்தமானது அந்த வருஷங்களில்தான்.

என்னோடு கடையில் நின்றவர் கிருஷ்ணப்பா. கன்னடக்காரர், மாகடிப் பக்கம். என்னிடம் அதிகம் பேசமாட்டார், நானும் பேசமாட்டேன், அதனால்தான் இருபது வருஷம் ஓடியது. அவர் ஒரு சனிக்கிழமை என் கையிலிருந்த துணியைப் பிடுங்கி வைத்துவிட்டுச் சொன்னதை நான் மறக்கவில்லை.

"நோடோதில்லா ஓனரே, திரும்பியே பாக்கறதில்லதான். ஆனா நம்ம கடை எதிர்ல வந்தா மட்டும் அவர் நடை மெதுவாகுது."

திராட்சை

டிசம்பர் மாசம் ஒரு அம்மாள் இந்திராநகரிலிருந்து ஆட்டோவில் வருவார். அந்தக் காலத்தில் பெண்கள் ஒயின் கடைப் படி ஏறமாட்டார்கள். ஆட்டோவிலேயே உட்கார்ந்திருப்பார், கிருஷ்ணப்பா பாட்டிலைச் செய்தித்தாளில் சுற்றி எடுத்துப்போய்க் கொடுப்பார். எங்களகத்தில் யாரும் தொடமாட்டா, கிறிஸ்துமஸ் கேக்குக்குத் திராட்சையை ஊறப்போட மட்டும் வேண்டும், ஒரு பாட்டில் போதுமா என்று முதல் தடவை கேட்டனுப்பினார். ஒரு பாட்டிலே ஜாஸ்தி என்று சொல்லி அனுப்பினேன்.

அடுத்த வாரம் இன்னொன்று. அதற்கடுத்த வாரம் இன்னொன்று. மூன்றாவது பாட்டிலை நானே எடுத்துக்கொண்டு போனேன். இந்திராநகர் முழுக்கவா கேக் கொடுக்கிறீர்கள் என்று கேட்டுவிட்டேன். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல், பாட்டிலைப் புடவைத் தலைப்புக்குள் வைத்துக்கொண்டு பதில் சொன்னார். அங்கேயே எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும். வரவில்லை. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் கடைக்கு ஒரு துண்டு கேக் மட்டும் வந்தது. நன்றாக இருந்தது. தின்னும்போது, அன்றைக்கு ஆட்டோவில் அவர் சொன்ன பதில்தான் ஞாபகத்துக்கு வந்தது.

"கேக் ஒண்ணுதான் சார். திராட்சைதான் ரொம்பக் குடிக்கறது."

சம்பந்தியம்மா

ஏழெட்டு வருஷம் ஓடிவிட்டது. ஒரு முற்பகல், வயதான ஒரு அம்மாள் குடையை ஊன்றிக்கொண்டு என் கடைப் படி ஏறினார். கழுத்தில் ஜெபமாலை. கவுன்டரில் நின்ற இரண்டு பேர் பாட்டிலை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டு நழுவினார்கள். கீழே, இளநீர் வண்டி பக்கத்தில், கடைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஆரோக்கியசாமி நின்றிருந்தார்.

என் பெயர் ஃபிலோமினா, ஆரோக்கியசாமியின் மூத்த மகளுக்கு மாமியார், தங்கவயலிலிருந்து வருகிறேன் என்றார். ஐம்பது பேருக்கு ஒயின் கொடுத்த புண்ணியவான் நீங்கள்தானே தம்பி என்றார். நான் துடைக்கிற துணியைத் தேடினேன். விஷயம் இது. சின்னவளுக்குக் கல்யாணம். ஆரோக்கியசாமி இந்தத் தடவை ஒயினும் வேண்டாம், டோஸ்ட்டும் வேண்டாம், ஒரு தடவை பட்டது போதும் என்று ஒரே பிடியாக நிற்கிறார். சின்னவள் கண்ணைக் கசக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். இந்த அம்மாள் கேள்விப்பட்டு, ரயிலேறி வந்து, சம்பந்தியைக் கையோடு இழுத்துக்கொண்டு வந்திருக்கிறார்.

நான் வழக்கம்போல, குடிக்கிறவர்கள் எத்தனை பேர் என்று ஆரம்பித்தேன். குடையால் கவுன்டரில் ஒரு தட்டு தட்டினார். அதைக் கேட்டுத்தானே அன்றைக்குக் கெட்டது என்றார். குடிக்கிறவன் எல்லாம் காருக்குப் பின்னால் இருப்பான். இந்த இனிப்புத் தண்ணியை அவன் தொடுவானா? குடிக்காதவர்கள் எத்தனை பேர் என்று கேளுங்கள். ரத்தத்துக்கு நல்லது என்று ஒன்று, கேக்குக்கு ஒன்று, மாதா கோயிலில் கொடுக்கிற திராட்சை ரசம்தானே என்று ஒன்று. என்னையே எடுத்துக்கொள்ளுங்கள் என்றார். பிறந்ததிலிருந்து மதுவைத் தொட்டதில்லை. அன்றைக்கு மூன்று கிளாஸ். கேக்கோடு ஒன்று. தங்கச்சி வேண்டாம் என்று வைத்தது வீணாகக் கூடாதே என்று ஒன்று. டோஸ்ட்டுக்கு என்று கையில் கொடுத்ததை, தலைமையாசிரியர் பேச்சு முடிகிற வழியாக இல்லை, தொண்டை வறண்டது, அதுவும் ஒன்று.

அப்புறம்தான் புரிந்தது. தன்னால்தான் காலி கிளாஸைத் தூக்க நேர்ந்தது, அது சம்பந்திக்கும் தெரியும் என்று இந்த அம்மாள் அத்தனை வருஷமும் தலையைக் குனிந்துகொண்டிருக்கிறார். சம்பந்தியம்மாவை அவமானப்படுத்திவிட்டோம், அதனால்தான் அவர் முகம் கொடுக்கவில்லை என்று ஆரோக்கியசாமி நினைத்துக்கொண்டிருக்கிறார். பேரப்பிள்ளை ஞானஸ்நானத்தில்கூட இரண்டு பேரும் ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்திருக்கிறார்கள். ஃபிலோமினா அம்மாள் படியில் நின்றபடி ரோட்டைப் பார்த்து, இளநீர்க்காரருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்.

"என் கிளாஸ்ல ஊத்தாம யாரும் விடல அண்ணே. ஊத்துனதை நான்தான் குடிச்சிட்டேன்."

மறுபடியும் டோஸ்ட்

ஆரோக்கியசாமி திரும்பினார். சிரிப்பதா முறைப்பதா என்று அவர் முகத்துக்கே தெரியவில்லை. படியேறி வந்து, கடை ஏன்யா ஆஸ்பத்திரி மாதிரி இருக்கிறது என்று கேட்டார். அவ்வளவுதான். நான் கிருஷ்ணப்பாவை ஏணி போட்டு மேல்தட்டு ஒயினை இறக்கச் சொன்னேன்.

அம்மாள் சொன்னபடியே அளவு போட்டோம். பெண்கள், பெரியவர்கள், வேண்டாம் வேண்டாம் என்கிறவர்கள், எல்லோருக்கும் தலைக்கு இரண்டு கிளாஸ். குடிக்கிறவர்களுக்கு ஒன்று, அதுவும் பேருக்கு. டோஸ்ட்டுக்கான பாட்டில்களைத் தனியாக மணமேடை மேஜைக்கு அடியில் வைத்து, தலைமையாசிரியர் பேச்சு கடைசிக்கு வந்தால்தான் திறப்பது என்று ஏற்பாடு.

இந்தத் தடவை எனக்கும் கல்யாணப் பத்திரிகை வந்தது. கதவோரம் நின்றேன். கிளாஸ் பார்த்துப் பார்த்துக் கண் வலித்தது. அதே தலைமையாசிரியர். வயசு கூடியிருந்தது, பேச்சும் கூடியிருந்தது. தட்டு இரண்டு சுற்று வந்து போயிற்று. வேண்டாம் என்றவர்கள் எல்லோரும் எடுத்தார்கள். முன்வரிசையில் ஃபிலோமினா அம்மாளின் கை இரண்டு தடவை வாய்ப்பக்கம் போயிற்று. அப்புறம் உள்ளங்கையால் கிளாஸை மூடிக்கொண்டார். கடைசியில் மேஜைக்கு அடியிலிருந்து பாட்டில்கள் வெளியே வந்தன. சம்பந்தியம்மாவுக்கு ஆரோக்கியசாமியே ஊற்றினார். காருக்குப் பின்னாலிருந்த கூட்டமும் மீசையைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்துவிட்டது. கிளாஸை உயர்த்துங்கள் என்றார் தலைமையாசிரியர். ஹால் முழுக்கச் சிவப்பாக உயர்ந்தது. மேடையில் சின்னவள் அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் கிளாஸைக் கீழே வைக்க மறந்து அப்படியே நின்றார்.

சாப்பாட்டுக்குக் கூட்டம் நகர்ந்தபோது ஆரோக்கியசாமி என்னைத் தேடி வந்தார். இரண்டு கையிலும் கிளாஸ். இரண்டையும் என் பக்கம் நீட்டினார். நான் குடிக்கிறதில்லை என்று உனக்குத் தெரியாதா என்றேன்.

"தெரியும்யா. அதான் உனக்கு ரெண்டுன்னு அளவு போட்டிருக்கு."

இருபது வருஷம் கடையில் உட்கார்ந்தும் எனக்குப் பிடிபடாத கணக்கைச் சரிசெய்து, நின்றுபோயிருந்த சனிக்கிழமைத் திட்டையும் எனக்குத் திரும்ப வாங்கிக் கொடுத்தவர், மதுவைத் தொட்டே அறியாத ஃபிலோமினா அம்மாள்.