மலையாள நிலையம் கிடைக்கும் இடங்கள்

எங்கள் கம்பெனி வேனில் பென்டிரைவ் செருகும் இடம் உடைந்து மூன்று வருடம் ஆகிறது. ப்ளூடூத் என்று ஒரு பொத்தான் இருக்கிறது, அமுக்கினால் அது பாட்டுக்குக் கண் சிமிட்டும், அவ்வளவுதான். உருப்படியாக மிச்சமிருப்பது ரேடியோ மட்டும். நல்லூரில் இருக்கும் பனியன் கம்பெனியிலிருந்து கணியூர் வரை, இடையில் ஆள் இறக்கி இறக்கி, இரண்டு மணி நேரம் ஆகும். அந்த ரேடியோவை நம்பித்தான் பதினாலு பேர் வீடு திரும்புகிறோம்.

நான் செக்கிங் செக்‌ஷன். காலையிலிருந்து பனியனை வெளிச்சத்தில் விரித்து ஓட்டை, எண்ணெய்க் கறை, விட்டுப்போன தையல் என்று குற்றம் கண்டுபிடிப்பதுதான் என் பிழைப்பு. பத்து வருடம் இதையே பார்த்ததில் குணமும் அப்படியே ஆகிவிட்டது என்று என் வீட்டுக்காரர் சொல்வார். அவர் சொல்வதிலும் குற்றம் கண்டுபிடிக்கலாம், ஆனால் இதை மட்டும் விட்டுவைத்திருக்கிறேன். வேனில் ஏறினால் எனக்கு ஜன்னல் ஓர இடமும் பழைய பாட்டும் வேண்டும். அதற்கு மேல் யாரும் என்னிடம் எதையும் எதிர்பார்க்கக் கூடாது.

அப்படி இருக்கும்போது ஒரு சனிக்கிழமை, வண்டி கிளம்பியதுமே ஓவர்லாக் மிஷின் அக்கா டிரைவரின் முதுகைத் தட்டினார்.

"அண்ணா, மீடியம் வேவில ஒரு மலையாள ஸ்டேஷன் உண்டு. அத வைக்க முடியுமா?"

"மலையாளமுங்களா?" டிரைவர் அண்ணன் கண்ணாடியில் பார்த்தார். "நம்ம வண்டில மலையாளம் கேக்கறதுக்கு யாருங்க இருக்காங்க?"

"நான் இருக்கேன்."

எனக்குச் சுர்ரென்று வந்தது. "ஏனுங்க்கா, நாள் பூரா மிசின் சத்தம் கேட்டது பத்தாதுங்களா? இப்பப் புரியாத சத்தம் வேற எதுக்குங்க?" என்றேன்.

"எனக்க மோன் நிக்கான் மக்களே."

"எங்கீங்க நிக்கறான்?"

"கோல் போஸ்ட்டுல."

வேன் முழுக்கச் சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. கைப்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு ரேடியோவையே பார்த்தார். டிரைவர் அண்ணன் ரேடியோ குமிழைத் திருகினார்.

அக்காவுக்குக் கன்னியாகுமரிப் பக்கம், கேரளத்தை ஒட்டிய கடற்கரை ஊர். அந்த ஊரில் மீனுக்கு அடுத்தபடி பந்துதானாம். மலையாளம் அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. வீட்டுக்காரருக்கு மடத்துக்குளம் பக்கத்தில் ஒரு நூல் மில்லில் வேலை, குடியிருப்பதும் மில் லைன் வீட்டில். ஒரே பையன். அவன் கேரளத்தில் சம்பளத்துக்குப் பந்து விளையாடும் ஒரு அணியில் கோல் கீப்பர். கீப்பர் என்றாலும் இரண்டு வருடமாக வெளியே பெஞ்சில்தான் உட்கார்ந்திருந்தான். முதல் கீப்பருக்கு முழங்காலில் அடிபட்டதால், சீசனின் கடைசி ஆறு ஆட்டம் இவன் பங்குக்கு வந்திருந்தது. அது முடிந்ததும் அடுத்த வருடத்துக்கு யாரை வைத்துக்கொள்வது, யாரை அனுப்புவது என்று அணியில் முடிவு செய்வார்கள்.

வீட்டுக்காரர் அதற்கு முன்பே முடிவு செய்திருந்தார். பந்து சோறு போடாது, இந்த சீசன்தான் கெடு. மில் மேஸ்திரியிடம் சொல்லிப் பையனுக்கு வேலை வாங்கி வைத்துவிட்டார். கடைசி ஆட்டம் முடிந்த திங்கட்கிழமை அவன் மில்லில் சேர வேண்டும். அக்கா மட்டும் தன் சம்பளத்தையும் வாயையும் பையன் பக்கம் வைத்துச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார். சனிக்கிழமை ஆறு மணிக்கு ஆட்டம் தொடங்கும்போது அவர் எங்கள் வேனில் இருப்பார். அதனால் பையனின் தலையெழுத்து எங்கள் வேன் ரேடியோவில்தான் வந்தாக வேண்டும். இதைக் கேட்ட பிறகு பழைய பாட்டு கேட்கிற வாய் எனக்கு இல்லை.

ஆனால் அந்த நிலையம் சுலபத்தில் கிடைக்கிற ஆளில்லை. பல்லடம் கடைவீதியில் வெறும் கரகரப்பு. ஊர் தாண்டினால் ஒரு குரல் எட்டிப் பார்க்கும். குடிமங்கலம் நால்ரோட்டை நெருங்கும்போது பக்கத்து சீட்டில் உட்கார்ந்து பேசுவது மாதிரி தெளிவாக வரும். மின்சாரக் கம்பிக்கு அடியில் போனால் 'ஙொய்' என்று ஒரு சத்தம் எல்லாவற்றையும் விழுங்கிவிடும். டிரைவர் அண்ணனுக்கு இதில் சொந்தமாக ஒரு விஞ்ஞானம் இருந்தது. "பாலக்காட்டுக் கணவாய்ல காத்து வருதில்லீங்களா, அது கூடத்தான் ஸ்டேஷனும் வருது. காத்தாடி நல்லாச் சுத்துச்சுன்னா கிளியரா இருக்கும்" என்பார். வழியெல்லாம் காற்றாலைதான். அயர்னிங் செக்‌ஷன் பெண் ஒருத்தி பிளஸ் டூவில் இயற்பியல் படித்தவள். அப்படியெல்லாம் இல்லை என்று விளக்கப் பார்த்தாள். ஒருவரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மூன்றாவது வாரம் அவளே ஜன்னலில் எட்டிப் பார்த்து, "நல்லாச் சுத்துதுங்கண்ணா" என்று குரல் கொடுத்தாள்.

நிலையம் கிடைத்தால் மட்டும் போதுமா? வர்ணனைக்காரர் மூச்சு விடாமல் பேசுவார். அதைத் தமிழில் சொல்ல அக்காவை விட்டால் நாதியில்லை. சிக்கலே அங்கேதான். கோல் கீப்பரின் அம்மாதான் எங்கள் மொழிபெயர்ப்பாளர். பையன் பந்தைப் பிடித்தால் வர்ணனைக்காரர் ஒரு வரி சொல்வார், அக்கா ஆறு வரி சொல்வார். எதிரணி கோல் போட்டுவிட்டால், பாதி நேரம் "ஒண்ணுமில்ல, பந்து வெளிய போச்சு" என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார். முதல் ஆட்டத்தில் இரண்டுக்கு இரண்டு சமம் என்று சந்தோஷமாக வீட்டுக்குப் போனோம். திங்கட்கிழமை யாரோ போனில் பார்த்துச் சொன்னார்கள், இரண்டுக்கு மூன்றாம், தோல்வியாம்.

காக்கைக்கும் தன் குஞ்சு பொன் குஞ்சுதான். ஆனால் செக்கிங்கில் இருக்கிறவளிடம் டேமேஜ் பீஸை மடித்துத் தள்ள முடியுமா? அடுத்த வாரம் அக்கா ஜன்னல் பக்கம் திரும்பியதும் பிடித்துக்கொண்டேன்.

"பந்து வெளிய போச்சுன்னா எதுக்குங்க்கா அந்த ஊரே கத்துது?"

"அவனுவளுக்குப் பந்து வெளிய போனாலும் சந்தோசம், கத்துதானுவ."

"அக்கா."

கைப்பையின் ஜிப்பை இழுத்து மூடினார். பிறகு, "கோலுதான். பந்து காலுக்கு எடையில பெயிட்டு" என்று சின்னக் குரலில் சொன்னார். வேனே அவருக்கு ஆறுதல் சொன்னது. "பிரிச்சுத் தெக்கற ஆல்டர் பீஸ் ஒண்ணுகூட வராத லைன் எதுங்க்கா இருக்குது?" என்று பின் சீட்டிலிருந்து ஒருவர் கேட்டார்.

அன்றைக்கு நான் ஒன்றைக் கற்றுக்கொண்டேன். பேச்சு புரியாவிட்டாலும் கூட்டம் புரியும். எதிரணி ஊரில் ஆட்டம் என்றால் கூட்டம் கத்துவது நமக்குக் கெட்டது. நம் ஊரில் என்றால் நல்லது. அதிலிருந்து வண்டி கிளம்பியதும் நான் கேட்கும் முதல் கேள்வி, "இன்னைக்கு யாரு ஊருங்க்கா?" என்பதுதான். பாட்டு கேட்டுத் தூங்குகிறவள் இப்படி ஆகிப்போனேன்.

ரேடியோ கரகரக்கிறது என்று அயர்னிங் பெண் ஒரு வாரம் போனில் இன்டர்நெட் வழியாக அதே வர்ணனையை வைத்தாள். தெளிவோ தெளிவு. ஆனால் அது ரேடியோவுக்கு ஒரு நிமிடம் பின்னால் வரும் என்பது எங்களுக்குத் தெரியாது. ரேடியோவில் கூட்டம் கத்தியது, அக்கா நெஞ்சில் கை வைத்தார். அவர் கொஞ்சம் தேறி நிமிரும்போது போனிலும் கத்தியது. குதிரை கீழே தள்ளியதும் இல்லாமல் குழியும் பறித்த கதை. ஒரே கோலை இரண்டாக எண்ணி, அடுத்து நம் அணி போட்ட ஒன்றையும் இரண்டாக எண்ணி, வேனுக்குள் ஒரே கணக்கு வழக்கு. "ஒரு கோலுக்கு ஒரு தடவ செத்தாப் போதும் மக்களே, அத அணைச்சிரு" என்று அக்கா கையெடுத்துக் கும்பிட்டார். அதோடு போனுக்குத் தடை போட்டோம்.

ஐந்து ஆட்டம் போனது. இரண்டில் வெற்றி, இரண்டில் தோல்வி, ஒன்று சமம். பையனை வைத்துக்கொள்வார்களா என்பதை இதை வைத்துச் சொல்ல முடியாது. எல்லாம் கடைசி ஆட்டத்தில் வந்து நின்றது.

அன்று அக்கா மத்தியானம் சாப்பிடவே இல்லை. வண்டியில் ஏறியதும், "யாரு ஊருங்க்கா?" என்றேன். "அவனுவ ஊரு" என்றார். நல்ல காற்று. காற்றாலைகள் பேய் பிடித்த மாதிரி சுற்றின. குடிமங்கலம் தாண்டும்போது நம் அணி ஒரு கோல் போட்டது. கூட்டம் மூச்சுக் காட்டவில்லை, நாங்கள்தான் கத்தினோம். உடுமலையில் ஐந்து பேர் இறங்க வேண்டும். டிரைவர் அண்ணன் நிறுத்திவிட்டுக் காத்திருந்தார். யாரும் அசையவில்லை.

"ஏனுங்க, ஊடு வாசல் போற எண்ணமில்லீங்களா?"

"வண்டி எடுங்கண்ணா. அடுத்த ஸ்டாப்புல எறங்கிக்கறோம்."

"அடுத்த ஸ்டாப் மடத்துக்குளமுங்க. அங்கிருந்து யாரு கொண்டாந்து உடுவாங்க?"

"நீங்கதானுங்க."

அவர் தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் வண்டியை எடுத்தார். எடுக்கும்போது ரேடியோ சத்தத்தையும் கூட்டினார் என்பதை நான் கவனித்தேன்.

மடத்துக்குளத்தை நெருங்கும்போது ஆட்டம் முடிய நாலைந்து நிமிடம். இன்னமும் ஒன்றுக்குப் பூஜ்யம். பையன் அதுவரை எத்தனை பந்தைப் பிடித்தான் என்று அக்கா சொன்ன கணக்கில் பாதியைத் தள்ளினாலும் அது நிறைய. திடீரென்று கூட்டம் கத்தியது. அக்காவின் முகம் சுண்டிப்போனது.

"கோலுங்களா?"

"இல்ல. பெனால்ட்டி." அவர் எழுந்து நின்றுவிட்டார். "வண்டிய நிறுத்துங்க அண்ணா. என்னால கேக்க முடியாது."

கதவு திறந்ததும் இறங்கி, சாலையோரத் தென்னந்தோப்பு வரப்பில் போய், இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டு எங்களுக்கு முதுகைக் காட்டி நின்றார். கூப்பிட்டாலும் கேட்காது. டிரைவர் அண்ணன் நிறுத்திய இடமோ சரியாக மின்சாரக் கம்பிக்கு அடியில். 'ஙொய்' என்ற சத்தம் மட்டும் வந்தது. பதினாலு வருடமாக பிரேக்கில் கால் வைத்தே வண்டி ஓட்டுகிற மனிதர், கியரை மாற்றி, அந்த நெடுஞ்சாலையில் ஐம்பதடி பின்னால் வந்தார். குரல் வந்தது. இஞ்சினை அணைத்தார்.

எல்லாரும் ரேடியோ பக்கம் சாய்ந்தோம். சொல்லித் தருகிறவர் தோப்பில் நிற்கிறார். நாங்களேதான் கேட்டுக்கொள்ள வேண்டும். கூட்டத்தின் இரைச்சல் ஏறிக்கொண்டே போனது. வர்ணனைக்காரர் என்னென்னவோ சொன்னார். யாரோ ஒருவர் ஓடி வருகிறார் என்பது மட்டும் புரிந்தது. நான் முன் சீட்டுக் கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டேன். எனக்கு யார் அந்தப் பையன்? போட்டோவில்கூடப் பார்த்ததில்லை.

சட்டென்று கூட்டம் நின்றுவிட்டது.

"ஸ்டேஷன் போயிருச்சு" என்றாள் அயர்னிங் பெண். போகவில்லை. வர்ணனைக்காரர் கத்திக்கொண்டுதான் இருந்தார். கத்தாமல் இருந்தது அந்த ஊர்தான். அதற்குள் அவர் இரண்டு முறை சொன்னதைக் கேட்டேன்: "பந்து கோளியுடெ கைகளில்! கைகளில்!" கோளி என்றால் கோல் கீப்பர்தான். அதற்கு அக்கா வேண்டியதில்லை.

செருப்பைக்கூடப் போடாமல் ஓடினேன். தோளைத் தொட்டதும் அக்கா கையை எடுத்தார், ஆனால் திரும்பவில்லை.

"பந்து எங்க மக்களே?"

"உங்க பையன் கைல இருக்குதுங்க்கா."

"கீழ போட்டுரலியே?"

"இல்லீங்க்கா. கெட்டியாப் புடிச்சிருக்கறான்."

அப்படியே வரப்பில் உட்கார்ந்துவிட்டார். நானும் உட்கார்ந்தேன். அவர் சிரித்தார், அழுதார், என் முழங்காலில் மாறி மாறி அடித்தார். வலித்தது, இருந்தாலும் ஒன்றும் சொல்லவில்லை. வேனிலிருந்து ஒரு பெரிய கூச்சல் வந்தபோது ஆட்டம் முடிந்துவிட்டது என்று தெரிந்தது. டிரைவர் அண்ணன் ஹாரனை அடித்துக்கொண்டே இருந்தார்.

அப்போது அக்காவின் போன் அடித்தது. வீட்டுக்காரர். அவசரத்தில் ஸ்பீக்கரில் போட்டுவிட்டார். பின்னால் மில் மிஷின்கள் இரைந்தன. இரண்டாவது ஷிஃப்டில் நிற்கிறார்.

"கேட்டியா?" என்றார் அந்த ஆள்.

"நீங்க கேட்டியளா?" அக்காவுக்கு ஆச்சரியம். பந்துப் பேச்சையே வீட்டில் எடுக்கக் கூடாது என்றவர் அவர்.

"பஞ்சுக்குத் தலையில துணி கெட்டுவம்லா. அதுக்குள்ள இயர்போன வச்சிருந்தேன்." இருமினார். நூல் மில்காரர்களின் இருமல், சீக்கிரம் நிற்கவில்லை. பிறகு சொன்னார்: "இப்பத்தான் மேஸ்திரிட்ட போய் சொல்லிட்டு வாறேன். திங்கக்கிழம ஆள் வராது, வேற ஆளப் பாத்துக்கிடுங்கன்னு."

"அவனுவ இன்னும் முடிவு சொல்லலிய? அடுத்த வருசம் எடுக்கலன்னா?"

"எடுத்தா எடுக்கட்டும், எடுக்கலன்னா வேற எடம் பாப்பான். எனக்க பிள்ள இந்தப் பஞ்சுக்குள்ள வரவேண்டாம்."