என் பங்குப் பன்றிக்கறி

பதினொரு வருடங்களாக, ஞாயிறுதோறும் மாமியார் வீட்டில் என் தட்டில் விழுந்த பன்றிக்கறியைத் தின்றது நானல்ல, மேசைக்கடியில் இருந்த நாய். இதை எழுதும்போதே காது சுடுகிறது.

கொச்சி மட்டாஞ்சேரியிலேயே பிறந்து வளர்ந்த தமிழ்க் கிறித்தவக் குடும்பம் அது. பெண் பார்க்கப் போனபோது மாமியார், வீட்டு வழக்கப்படி அம்மச்சி, என் வேலையையோ என் சாமியையோ பற்றி எதுவும் கேட்கவில்லை. "பன்னி தின்னுமோ?" என்று மட்டும் கேட்டார்.

"பன்னின்னா உயிர், அம்மச்சி" என்றேன்.

என் அப்பா கார்ப்பரேஷனில் சாக்கடைப் பிரிவில் இருந்தவர். பன்றிகளைப் பற்றி எப்போதும் சக ஊழியர்களைப் போலத்தான் பேசுவார். சக ஊழியரைத் தின்ன மனம் வரவில்லை. ஆனால் கல்யாணமே அந்த ஒரு பதிலை நம்பித்தான் நடந்தது. அம்மச்சி எனக்கு மட்டும் எப்போதும் இரண்டு துண்டு கூடுதலாக வைப்பார். மருமகன் மேல் அவ்வளவு பிரியம் என்று மனைவியிடம் பெருமையடித்திருக்கிறேன்.

இந்த வருடம் நாய்க்குக் கண் மங்கிவிட்டது. வாசற்படியை விட்டு நகர்வதில்லை. அது வராத முதல் ஞாயிறன்று என் தட்டில் கறி அப்படியே இருந்தது. அம்மச்சி தட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடி தட்டைப் பார்த்தார்.

"எப்பவும் இதே தேங்காய்க்கொத்துப் போட்ட வறுவல்தானா அம்மச்சி? அடுத்த ஞாயிறு நான் சமைக்கிறேன்" என்று உளறினேன். சமைத்தவன் தின்றானா என்று யாரும் பார்க்கமாட்டார்கள் என்பது என் கணக்கு.

மனைவியின் கைபேசியில் ஒரு காணொளி கிடைத்தது. ஹவாய் அன்னாசியும் ஹங்கேரி மிளகாய்ப்பொடியும் சேர்ந்த பன்றிக்கறி. அகராதியில் அக்கம்பக்கம் இருப்பதைத் தவிர இரண்டு ஊருக்கும் வேறு உறவு இருப்பதாக நான் படித்ததில்லை. மசாலாக் கடைக்காரர் எடுத்துக் கொடுத்த பாப்ரிகா என்ற அந்த ஹங்கேரிப் பொடி, பார்வைக்கு அச்சு அசல் காஷ்மீர் மிளகாய்ப்பொடி.

"சேட்டா, நிஜமாவே ஹங்கேரியா?"

"எரிவு, காரம், உண்டோ சாரே? இல்லல்லோ. எரிவில்லாத முளகு வெளிநாடுதான்."

ஞாயிறன்று அம்மச்சி சாயா டம்ளருடன் அடுக்களை வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்துவிட்டார். நான் கறியை அடுத்தவர் கடிதத்தைத் தொடுவதுபோல விரல்நுனியால் தொட்டேன்.

"பச்சைப் பன்னிக்கறியைக் கையால தொடுறது இன்னைக்குத்தான் முதல்முறை, அல்லே?" என்றாள் மனைவி.

பன்றிக்கொழுப்பில் வெங்காயத்தைக் கரைய வதக்கினேன். பாப்ரிகா கருகாமலிருக்கச் சட்டியை இறக்கிவைத்துப் பொடியைக் கொட்டினேன். பிறகு கறி, சோயா சாஸ், அன்னாசி. ஹவாயில் குழி தோண்டி இலை மூடிச் சுடுவார்களாம். அம்மச்சியின் அடுக்களையில் சிமெண்டுத் தரை. ஆகவே சட்டியின் வாயை வாழையிலையால் கட்டி, தீயைக் குறைத்து, இரண்டு மணிநேரம் விட்டேன்.

"கைதச்சக்கையைப் பன்னியில இடுறவனை நான் பார்த்ததே இல்ல. இது கறியோ, பாயசமோ?" என்றார் அம்மச்சி, அன்னாசித் தோலைப் பார்த்து. இலையைப் பிரித்ததும் அடுத்தது வந்தது: "உப்பு பாரு மோனே."

சமைப்பவன்தான் உப்புப் பார்க்கவேண்டும் என்பது என் கணக்கில் வரவே இல்லை. மனைவி கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். ஒரு துண்டை எடுத்து, அப்பாவிடம் மனதுக்குள் மன்னிப்புக் கேட்டு, கண்ணை மூடி வாயில் போட்டேன். கொழுப்பு நாக்கில் கரைந்தது, பின்னாலேயே லேசான புளிப்பு.

"அட! பன்றி இவ்வளவு நல்லா இருக்குமா!"

சொன்ன பிறகுதான் சொன்னது என்னவென்று உறைத்தது. மனைவி அம்மச்சியைப் பார்த்தாள். அம்மச்சி தட்டுகளை எடுத்து வைத்தார். சாப்பாட்டின்போது நான் மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டேன். மற்ற இருவரும் முக்கால்வாசி மிச்சம் வைத்தார்கள்.

அம்மச்சி மிச்சத்தை ஒரு கிண்ணத்தில் வழித்துக்கொண்டு வாசற்படிக்குப் போனார். கொஞ்ச நேரத்தில் அதே கிண்ணத்தோடு திரும்பி வந்தார்.

"மோனே, ரெண்டு துண்டு கூடுதலா வச்சதெல்லாம் அந்த நாய்க்கு வேண்டித்தான். ஆனா நீ சமைச்சதை அது மோந்து பார்த்துட்டு, மாறிப் படுத்துடுச்சு."